போனுக்குள் கட்டிய மாடு

பெற்ற மகளிடம் பேசுவதற்கு ஒருவன் ஒத்திகை பார்ப்பானா? வல்லரசு பார்த்தான். செங்கம் ரோட்டில், ரமணாசிரமத்தைத் தாண்டி ஒரு சந்துக்குள் இருக்கும் கெஸ்ட் ஹவுஸில் அவன்தான் மேனேஜர், அவன்தான் வாட்ச்மேன், குழாய் ஒழுகினால் அவன்தான் பிளம்பரும். தங்கியிருப்பவர்கள் மலை சுற்றவோ தியானம் செய்யவோ கிளம்பிப் போன பிறகு, காலி அறையில் படுக்கை விரிப்பை உதறிப் போட்டுக்கொண்டே, "ஸ்கூல் எப்பிடி போவுது பாப்பா? புது மிஸ் திட்றாங்களா?" என்று தலையணையைப் பார்த்துக் கேட்டுப் பழகுவான். ஞாயிற்றுக்கிழமை வரும். அதே கேள்வியை மகளிடம் கேட்பான். "ம்" என்பாள் கீர்த்தனா. முடிந்தது கதை. தலையணையிடம் பேசிச் சேர்த்து வைத்ததெல்லாம் ஒரு "ம்"மோடு போச்சு.

மகளைப் பார்க்கக் கோர்ட்டில் கொடுத்தது மாதத்தில் இரண்டு ஞாயிறு, காலையில் இரண்டு மணி நேரம். இடத்தை நீங்களே பேசிக்கொள்ளுங்கள் என்று விட்டுவிட்டார்கள். வேங்கிக்கால் மெயின் ரோட்டில் ஒரு பேக்கரி என்று முடிவானது. பிரிந்துபோன மனைவி அருணாதேவி மகளோடு குடியிருக்கும் வீடு அங்கிருந்து நடக்கிற தூரம்தான். ஆனால் அவள் வரமாட்டாள். அவளுடைய தம்பி புகழேந்திதான் அக்கா மகளை பைக்கில் கொண்டுவந்து இறக்கிவிடுவான். "தோ, அங்கதான் உக்காந்திருக்கேன் மாமா" என்று சொல்லிவிட்டுத் தள்ளி ஒரு மேஜையில் டீயோடு ஒதுங்கிக்கொள்வான். தங்கமான பையன். அவன் சண்டைக்காரனாக இருந்திருந்தால் திருப்பிக் கத்தியாவது வல்லரசு மனசை ஆற்றிக்கொண்டிருப்பான்.

ஜட்ஜம்மா இன்னொன்றும் சொல்லியிருந்தார். "குழந்தை வர இஷ்டப்படலன்னா யாரும் இழுத்துட்டு வரக் கூடாது." அன்றைக்கு வல்லரசு அதைக் காதிலேயே போட்டுக்கொள்ளவில்லை. என் மகள் என்னைப் பார்க்க இஷ்டப்படாமல் போவாளா என்று நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு வந்துவிட்டான். இப்போது ஒவ்வொரு ஞாயிறும் பேக்கரி வரைக்கும் அந்த வார்த்தைதான் கூடவே வந்தது. அவளாக வந்தால் உண்டு, இல்லையென்றால் இல்லை. அப்புறம் உலகத்தில் அவனுக்கென்று மிச்சம் இருப்பது கெஸ்ட் ஹவுஸ் தலையணைதான்.

பிள்ளை மாறித்தான் போயிருந்தாள். "நீ வா ப்பா, நீ குடு ப்பா" என்று கழுத்தைக் கட்டிக்கொண்டு தொங்கியவள், பத்து வயதில், "நீங்க சாப்ட்டீங்களா" என்று கேட்டாள். மரியாதையாம்! அந்த மரியாதை அவனுக்குச் சுருக்கென்று தைத்தது. பேக்கரிக்காரரையும் அவள் "நீங்க" என்றுதான் சொன்னாள்.

குடும்பம் எப்படிப் பிரிந்தது என்று கேட்டால் ஊரில் ஆளுக்கொன்று சொல்வார்கள். விஷயம் ஒரு நாற்காலி. கீழ்பென்னாத்தூர் வீட்டின் முன்னறையில் அருணாதேவி ஒரு சின்ன பியூட்டி பார்லர் வைத்திருந்தாள். சாய்கிற நாற்காலி ஒன்று, ஆளுயரக் கண்ணாடி ஒன்று. ஒரு மழைக்காலத்தில் ஆள் வரத்து கம்மியாகிவிட்டது. அவள் அம்மா வீட்டுக்குப் போயிருந்த சமயத்தில் வல்லரசு நாற்காலியையும் கண்ணாடியையும் அவலூர்ப்பேட்டைக்காரர் ஒருவர் தலையில் கட்டிவிட்டு, முன்னறையில் வேர்க்கடலை மூட்டைகளை அடுக்கினான். சும்மா கிடந்து துருப்பிடிக்கிறதே என்ற நல்ல எண்ணம்தான். அவள் திரும்பி வந்தாள், வாசலில் நின்று பார்த்தாள். "கேட்டியா என்னை?" என்றாள். "உன் நல்லதுக்குத்தான்டி செஞ்சேன்" என்றான். முன்னேயும் பல நல்லதுகளை அவளைக் கேட்காமல் செய்தவன்தான். அருணாதேவி பையைக் கீழே வைக்கவேயில்லை. அப்படியே மகளைக் கூட்டிக்கொண்டு திரும்பிவிட்டாள்.

கீர்த்தனாவாக வாயைத் திறந்து ஒரு கேள்வி கேட்டது ஒரு ஐப்பசி ஞாயிற்றில். ரோஸ் மில்க்கை உறிஞ்சிக்கொண்டே, "அந்த கேம் டப்பா இன்னும் இருக்குங்களா?" என்றாள்.

வல்லரசுக்கு உயிர் போய் உயிர் வந்தது. கெஸ்ட் ஹவுஸில் தங்கிய வெளிநாட்டுக்காரப் பெண் ஒருத்தி, ஊருக்குப் போகும்போது, கைக்குள் அடங்கும் பழைய கேம் கருவி ஒன்றைக் கீர்த்தனாவுக்குக் கொடுத்துவிட்டுப் போயிருந்தாள். மேலே சின்னத் திரை, கீழே பட்டன்கள். அதில் ஜப்பான்காரன் செய்த விவசாய கேம் ஒன்று உண்டு. நிலத்தை உழலாம், முள்ளங்கி போடலாம், மாடு வளர்க்கலாம். அப்பாவின் மடியில் உட்கார்ந்து விளையாடியே பழகினாள். அதெல்லாம் எப்போதோ பேட்டரி உப்பி, குப்பைக்குப் போய்ச் சேர்ந்துவிட்டது.

"இருக்கு பாப்பா. அடுத்த தடவை எடுத்தாறேன்" என்றான். வாய் சும்மா இருக்குமா அவனுக்கு!

தேரடித் தெருவில் மாறன் என்று அவனுடைய கூட்டாளி ஒருவன் மொபைல் சர்வீஸ் கடை வைத்திருந்தான். வல்லரசு நேராக அங்கே போய் நின்றான். மாறன் கேட்டுவிட்டுச் சிரித்தான்.

"அந்த டப்பாவுக்கு இப்ப எங்கடா போறது? அது எதுக்கு? எமுலேட்டர்னு ஒரு ஆப் கீது. அத்தப் போட்டா உன் போனே அந்த டப்பாவா மாறிடும். டப்பா மாதிரியே நடிக்கும்னு வச்சுக்கயேன்."

"அதே கேம் வருமா? மாடெல்லாம்?"

"மாடு, கோழி, சேறு, எல்லாம் வரும்."

மாறன் ஆப்பை ஏற்றினான். கேம் ஃபைலைத் தேடி எடுத்து ஒரு ஃபோல்டரில் போட்டு, அந்த ஃபோல்டரை ஆப்புக்குக் காட்டினான். திரை கறுத்தது, பிறகு அந்தப் பழைய டிங் டிங் இசை வந்தது. வல்லரசுக்குக் கண்ணில் தண்ணீர் கட்டிக்கொண்டது. இசைக்கு அழுகிற ஆளில்லை அவன். மடியில் உட்கார்ந்திருந்த கனம் ஞாபகம் வந்துவிட்டது.

"தோ பாரு, இது முக்கியம்" என்றான் மாறன். "ஸேவ் ஸ்டேட்னு ஒண்ணு கீது. இத்த அமுக்கினா, இந்த நிமிஷம் எப்படிக் கீதோ அப்படியே போட்டோ புடிச்சா மாதிரி வச்சுக்கும். அப்பறம் தப்பு நடந்தா அந்த எடத்துக்கே திரும்பி வந்துரலாம். மொத்தம் பத்து எடம் குடுத்துருக்கான். மாத்தி மாத்திப் போடு. ஒண்ணுமேல ஒண்ணு போட்டீன்னா பழசு அழிஞ்சிரும். புரிஞ்சுதா?"

"புரியுது, புரியுது" என்றான் வல்லரசு. அவன் அந்நேரம் பட்டன்களைப் பார்த்துக்கொண்டிருந்தான். திரையில் தெரியும் அந்தப் பட்டன்களை விரலால் இழுத்து வேண்டிய இடத்தில் வைக்கலாம், பெரிதாக்கலாம், சின்னதாக்கலாம். மகளின் கட்டைவிரல் எவ்வளவு நீளம், எதுவரைக்கும் எட்டும் என்று தன் விரலை மடக்கிக் கணக்குப் பார்த்து, ஒவ்வொன்றாக நகர்த்தி வைத்தான். கடைக்கு வந்தவர்கள் காத்துக்கொண்டு நின்றார்கள். மாறன் அவர்களை அந்தப் பக்கம் உட்காரச் சொன்னான்.

அடுத்த ஞாயிறு போனை நீட்டியபோது கீர்த்தனா முதலில் முகத்தைச் சுளித்தாள். டப்பா என்றாரே, இது போன்தானே? ஆன் செய்தான். இசை வந்தது. பிள்ளையின் கண் அகலமானது. இரண்டு கட்டைவிரலும் தானாகப் போய்ப் பட்டன்மேல் உட்கார்ந்தன. அச்சு அசலாகப் பொருந்தின.

கொஞ்ச நேரத்தில் நாற்காலியை இழுத்துக்கொண்டு அவன் பக்கத்தில் வந்துவிட்டாள். "ப்பா, நீ இங்க பாரேன், கல்லு உடைக்கறேன் பாரு!" என்றாள்.

நீ! வல்லரசு சத்தம் போடாமல் உட்கார்ந்திருந்தான். மூச்சை வேகமாக விட்டால்கூட அந்த "நீ" கலைந்து "நீங்க" ஆகிவிடுமோ என்று பயம். தள்ளி உட்கார்ந்திருந்த புகழேந்தி போனிலிருந்து தலையைத் தூக்கிப் பார்த்துவிட்டு, லேசாகச் சிரித்துவிட்டு மறுபடியும் குனிந்துகொண்டான்.

அதற்கப்புறம் ஞாயிறுகள் ஞாயிறாக இருந்தன. பைக் நிற்பதற்குள் குதித்து ஓடி வந்தாள். முள்ளங்கி விற்று, கிழங்கு விற்று, ஒரு கன்றுக்குட்டி வாங்கினாள். பட்டு என்று பெயர் வைத்தாள். தினமும் புல் போட்டாள், பிரஷ் போட்டுத் தேய்த்தாள். கன்று மாடானது, பால் கொடுத்தது. "பக்கத்துல போயி பேசணும் ப்பா. பேசினா தலைக்கு மேல ஹார்ட் வரும். பேசாம வுட்டா நம்மள மறந்துடும்" என்று அப்பாவுக்குப் பாடம் நடத்தினாள். நேரம் முடிந்து புகழேந்தி வந்து நிற்கும்போது, "மாமா, அஞ்சே நிமிஷம்" என்று கெஞ்சினாள். அந்த அஞ்சு நிமிஷத்துக்கு வல்லரசு சொத்தையே எழுதிக் கொடுத்திருப்பான்.

இப்படியே விட்டிருக்கலாம். ஒன்றும் செய்யாமல் கையைக் கட்டிக்கொண்டு இருந்திருக்கலாம். அது மட்டும் இந்த மனுஷனுக்கு வராது.

கார்த்திகை கடைசியில் மழை பிடித்துக்கொண்ட ஒரு புதன்கிழமை, கெஸ்ட் ஹவுஸில் ஆளில்லை. வல்லரசுக்கு மகள் ஞாபகம். அதோடு இன்னொரு ஞாபகமும் சேர்ந்துகொண்டது. ஞாயிறு போட்ட புல்லுதானே? அடுத்து அவள் வருவதற்கு இன்னும் எத்தனை நாள் கிடக்கிறது. அதுவரைக்கும் அந்த மாடு எதைத் தின்னும்? போனை மூடினால் உள்ளே எல்லாம் அப்படியே நின்றுவிடும், பசி கிடையாது, பகல் ராத்திரி கிடையாது என்று யாராவது சொன்னால் ஒப்புக்கொள்கிற புத்தி அவனுக்கு இல்லை. வல்லரசு கீழ்பென்னாத்தூரில் மாடு வைத்திருந்த சகாதேவன் மகன். தீனி போடாத மாட்டை நினைத்தால் அவனுக்குச் சோறு இறங்காது. ஆப்பைத் திறந்தான்.

புல் போட்டான். பிரஷ் போட்டான். பக்கத்தில் போய்ப் பேசினான். ஹார்ட் வந்தது. மகளின் தலையைத் தடவிய மாதிரி இருந்தது அவனுக்கு. அத்தோடு மூடியிருக்கலாம். எந்நேரமும் கொட்டகையிலேயே கிடந்தால் மாடு என்னத்துக்கு ஆகும் என்று வெளியே மேயவிட்டான். திரைக்குள் ஒரு ராத்திரி போனது. விடிந்தால் உள்ளேயும் மழை. மாட்டை எப்படி உள்ளே ஓட்டுவது என்று அவனுக்குத் தெரியவில்லை. இந்தப் பட்டன், அந்தப் பட்டன் என்று அமுக்கிப் பார்த்தான். பட்டு நனைந்துகொண்டு நின்றது. மறுநாள் அதன் தலைக்கு மேல் கறுப்பாக ஏதோ சுழன்றது. பால் இல்லை. புல்லைத் தொடவில்லை. அடுத்த நாள் இன்னும் மோசம்.

ஐயையோ என்றாகிவிட்டது. ஞாயிற்றுக்கிழமை பிள்ளை வந்து, ஆசை ஆசையாய்த் திறந்து, செத்துக் கிடக்கிற மாட்டையா பார்ப்பாள்? அவனுடைய அப்பா சகாதேவன் ஒரு பழக்கம் வைத்திருந்தார். மாடு தேறாது என்று தெரிந்துவிட்டால், பிள்ளைகள் பள்ளிக்கூடம் விட்டு வருவதற்குள் தரகரை வரவழைத்து ஓட்டி அனுப்பிவிடுவார். பிள்ளைகள் வந்து கேட்டால், "நல்ல எடத்துக்குத்தான் போயிருக்கு" என்பார். அந்த வீட்டில் எந்தப் பிள்ளையும் மாடு சாவதைப் பார்த்ததில்லை.

கேமுக்குள்ளும் ஒரு தரகன் இருந்தான். வல்லரசு அவனைக் கூப்பிட்டான். நிச்சயமாகவா என்று இங்கிலீஷில் ஒரு கேள்வி வந்தது. ஆமாம் என்று அமுக்கினான். மறுபடியும் கேட்டது. மறுபடியும் அமுக்கினான். கொட்டகை காலியானது. கடைசியாக, மாறன் சொல்லிக்கொடுத்தபடி பத்திரமாக ஸேவ் ஸ்டேட்டையும் அமுக்கினான். எப்போதும் அமுக்குகிற அதே முதல் இடத்தில்.

ஞாயிறு வந்தது. கீர்த்தனா ஓடி வந்து உட்கார்ந்தாள், திறந்தாள், நேராகக் கொட்டகைக்குப் போனாள்.

"பட்டு எங்க?"

"அது வந்து பாப்பா... ஒடம்பு சரியில்லாம போச்சு. மழையில நனைஞ்சி..."

"மழை எப்படி வரும்? நான் போறப்ப வெயிலுதான இருந்துச்சி. யாரு வெளையாடினா?"

"நான்தான். தீனி போடணுமேன்னு..."

"தீனி எதுக்குப் போடணும்?" பிள்ளையின் குரல் உடைந்தது. "மூடி வச்சா அது அப்படியேதான் நிக்கும். நான் வர்ற வரைக்கும் நிக்கும். மருந்து கடையில இருக்கு, குடுத்தா சரியாப் போயிருக்கும். செத்துடுச்சா?"

"இல்ல பாப்பா, இல்ல. சாகறதுக்குள்ள வித்துட்டேன். நீ பாத்தா அழுவியேன்னு, உன் நல்லதுக்குத்தான்..."

கீர்த்தனா அவனை நிமிர்ந்து பார்த்தாள். அந்தப் பார்வையை அவன் ஏற்கனவே ஒரு தடவை, கீழ்பென்னாத்தூர் வீட்டு வாசலில் பார்த்திருக்கிறான்.

"கேட்டீங்களா என்னை?" என்றாள்.

அன்றைக்கு அவள் பாதியிலேயே எழுந்து புகழேந்தியிடம் போய்விட்டாள். வல்லரசு நேராக மாறன் கடைக்கு ஓடினான். பௌர்ணமி வேறு. கிரிவலக் கூட்டத்துக்காக வண்டிகளைத் திருப்பிவிட்டிருந்தார்கள். ஜனங்கள் ஒரு பக்கமாக நடந்துகொண்டிருக்க, இவன் எதிர்ப்பக்கமாக முட்டி மோதிக்கொண்டு போனான். மாறன் போனை வாங்கிப் பார்த்துத் தலையில் அடித்துக்கொண்டான்.

"பத்து எடம் கீதுன்னு படிச்சுப் படிச்சு சொன்னேனே! ஒண்ணுலயே போட்டு போட்டு வச்சிருக்கியேடா. பழசு எப்பவோ அழிஞ்சி போச்சு. நான் எங்கேர்ந்து கொண்டாறது?"

"எதாச்சும் பண்ணுடா மாறா. நீ பண்ணுவ."

"ஒண்ணும் பண்ண முடியாது. நான் சொல்றதக் கேளு. சொம்மா இரு. அடுத்த தடவ பாப்பா வந்தா, தப்புதான்மான்னு சொல்லு. அவ்ளோதான். வேற எதுவும் நோண்டாத."

நோண்டாமல் இருப்பானா? கேமில் ஒரு புதுக் கன்று வாங்கினான். பட்டு என்றே பெயர் வைத்தான். வேலை நேரம், சாப்பாட்டு நேரம் எல்லாம் போனும் கையுமாகவே இருந்து, நாட்களை வேகமாக ஓட்டுகிற பட்டனை அமுக்கி அமுக்கி அதை வளர்த்தான். இந்தத் தடவை மழை வந்தால் உள்ளே ஓட்டக் கற்றுக்கொண்டிருந்தான். மருந்தும் வாங்கி வைத்திருந்தான். புது மாடு பால் கொடுத்தது, தலைக்கு மேல் ஹார்ட் காட்டியது. பார்ப்பதற்குப் பழைய பட்டு மாதிரியே இருந்தது. அவனே கொஞ்சம் நம்பிவிட்டான்.

அந்த ஞாயிறு புகழேந்திக்கு குரூப் ஃபோர் பரீட்சை. அருணாதேவியே ஸ்கூட்டியில் மகளைக் கொண்டுவந்து விட்டாள். உள்ளே வரவில்லை. ரோட்டோரம் வண்டியிலேயே உட்கார்ந்து முகத்தை அந்தப் பக்கம் வைத்துக்கொண்டாள். வல்லரசு கண்ணாடிக் கதவு வழியாக ஒரு தடவை பார்த்தான், பிறகு பார்க்கவில்லை.

"தோ பாரு பாப்பா, பட்டு வந்துடுச்சி! நான் போயி திரும்ப வாங்கியாந்துட்டேன்" என்று போனை நீட்டினான்.

கீர்த்தனா வாங்கினாள். மாட்டுக்குப் பக்கத்தில் போனாள். ஒரு பட்டனை அமுக்கினாள். மாட்டைப் பற்றிய விவரம் திரையில் வந்தது. அப்படி ஒரு பட்டன் இருப்பதே வல்லரசுக்குத் தெரியாது.

"பட்டு வெயில் காலத்துல பொறந்தது" என்றாள். "இது மழைக் காலத்துல பொறந்ததுன்னு போட்டிருக்கு. இது பட்டு இல்ல."

அழுதிருந்தால் பரவாயில்லை. கத்தியிருந்தால் இன்னும் நல்லது. அவள் போனை மேஜைமேல் கவிழ்த்து வைத்துவிட்டு, பஃப்ஸைப் பிய்த்துத் தின்ன ஆரம்பித்தாள். வல்லரசு ஒத்திகை பார்த்த பழைய கேள்வியையே எடுத்தான். "ஸ்கூல் எப்பிடி போவுது பாப்பா?" என்றான்.

"ம்."

அவனுக்குள் ஏதோ முறிந்தது. மேஜையைப் பார்த்துக்கொண்டே, "பாப்பா" என்றான். "அப்பாவுக்கு ஒண்ணும் தெரியல. உனக்கு இன்னா வேணும்? நீயே சொல்லு. நான் அப்படியே செய்யறேன்."

வாழ்க்கையில் முதல் தடவையாக ஒருத்தரைக் கேட்கிறான். கீர்த்தனா மெல்லுவதை நிறுத்தினாள். யோசித்தாள். நன்றாக யோசித்துத்தான் சொன்னாள்.

"அம்மா போன்ல போட்டுக் குடுங்க. இந்த மாடும் பாவம்தான. நானே பாத்துக்கறேன். உங்ககிட்ட வுட்டா இதையும் வித்துடுவீங்க."

வல்லரசு மடையன்தான், ஆனால் இது புரியாத அளவுக்கு மடையன் இல்லை. அவள் குதித்து ஓடி வந்ததெல்லாம் எதற்கு என்று அவனுக்குத் தெரியும். மாடு அவனுடைய போனில் கட்டியிருந்ததால் வந்தாள். கயிற்றை அவிழ்த்து அவள் கையில் கொடுத்துவிட்டால் அப்புறம் இந்தப் பேக்கரிக்கு அவள் வருவதற்கு என்ன இருக்கிறது? ஒரே ஒரு வார்த்தை போதும். அந்த போனுக்கு இது வராது பாப்பா என்றால் முடிந்தது. பிள்ளைக்கு எங்கே தெரியப்போகிறது? வாய் வரைக்கும் வந்துவிட்டது.

கீர்த்தனா அவன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அம்மா போனை வாங்கியா" என்றான்.

ஓடிப் போய் வாங்கிவந்தாள். பூட்டைத் தானே கோடு போட்டுத் திறந்து கொடுத்தாள். முகப்பில் ஒரு போட்டோ. புதுக் கண்ணாடி, கறுப்பு நிறத்தில் சாய்கிற நாற்காலி, அதில் உட்கார்ந்து கீர்த்தனா சிரிக்கிறாள். பார்லர் மறுபடியும் வைத்துவிட்டாள் போலிருக்கிறது. யாரும் அவனிடம் சொல்லவில்லை. சொல்ல வேண்டிய அவசியம்தான் என்ன? அவன் விரலால் அந்தப் படத்தைத் தள்ளிவிட்டு வேலையை ஆரம்பித்தான்.

ஆப்பை ஏற்றினான். கேம் ஃபைலைத் தன் போனிலிருந்து அனுப்பினான். ஸேவ் ஃபைலை அனுப்பினான். ஃபோல்டரை ஆப்புக்குக் காட்டினான். மாறன் துணையில்லாமல் எல்லாம் கைக்கு வந்திருந்தது. கடைசியில் பட்டன். "கைய வச்சுக் காட்டு" என்றான். அவள் இரண்டு கையாலும் போனைப் பிடித்தாள். "இங்க வச்சா சரியா இருக்கா?" "இன்னும் கொஞ்சம் மேல." "இப்ப?" "இப்ப சரி." "பெருசு பண்ணட்டா?" "வேணாம், நான்தான் வளந்துட்டேனே." தலையும் தலையும் முட்டிக்கொள்ள, ஒவ்வொரு பட்டனையும் அவளைக் கேட்டுக் கேட்டு வைத்தான். அவளுடைய தலைமுடியில் தேங்காய் எண்ணெய் வாசம் வந்தது. இந்த வேலை முடியாமலே இருக்கக்கூடாதா என்று அவன் தவித்தான். ஆனால் அது சின்ன வேலைதான், முடிந்துவிட்டது. அம்மாவின் போனில் டிங் டிங் இசை வந்தது. புது மாடு அங்கேயும் நின்றது.

"உங்க போன்ல இருக்கறத அழிச்சிடுங்க" என்றாள். "இல்லனா நீங்க மறுபடி வெளையாடுவீங்க."

அழிக்கட்டுமா, நிச்சயமாகவா என்று போன் கேட்டது. இந்தத் தடவை ஒவ்வொரு எழுத்தாகப் படித்தான். பிறகு அமுக்கினான். வெளியே ஸ்கூட்டி ஸ்டார்ட் ஆனது. கீர்த்தனா கதவு வரைக்கும் போய்த் திரும்பி, "தேங்க்ஸ் ப்பா" என்றாள். அந்த வார்த்தையை வைத்துக்கொண்டு அவன் அடுத்த ஞாயிறு வரைக்கும் ஓட்டினான்.

அடுத்த முறை சீக்கிரமே போய் உட்கார்ந்துவிட்டான். புதுச் சட்டை. மாட்டைப் பற்றி என்னென்ன கேட்க வேண்டும் என்று கெஸ்ட் ஹவுஸில் ஒத்திகை எல்லாம் பார்த்து வந்திருந்தான். பேக்கரிக்காரர், "பாப்பாவுக்கு ரோஸ் மில்க் போட்டுடட்டுங்களா?" என்று கேட்டார். "போடுங்க, வந்துடுவா" என்றான்.

பைக் வந்தது. பின்சீட்டில் ஆளில்லை.

புகழேந்தி உள்ளே வந்து நின்றான், உட்காரவில்லை. "பாப்பா வரல மாமா" என்றான்.

"ஒடம்பு சரியில்லையா?"

"நல்லாதான் இருக்கு. மாட்ட வச்சிகினு உக்காந்திருக்கு."

வல்லரசு எழுந்தான். எழுந்த வேகத்தில் நாற்காலி பின்னால் போனது. "உங்க அக்கா அனுப்ப மாட்டேன்னுச்சா? கோர்ட்டுல சொன்னது என்னாச்சு? அவங்கவங்க இஷ்டத்துக்கு நிறுத்திடுவீங்களா?"

"அக்கா ஒண்ணும் சொல்லல மாமா. கெளம்புன்னுதான் சொல்லுச்சு." புகழேந்தி தரையைப் பார்த்தான். பொய் சொல்லவும் தெரியாத பையன். "அப்பாவப் பாக்கப் போலாமா, வேணாமான்னு பாப்பாவையே கேட்டோம். கேட்டுட்டுதான் வந்தேன்."

வல்லரசு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துவிட்டான். பேக்கரிக்காரர் ரோஸ் மில்க்கைக் கொண்டுவந்து எதிரே காலியாக இருந்த இடத்தில் வைத்துவிட்டுப் போனார்.